பதினோரு சட்டகம்

ஜெல்மீராவின் படத்தில் முகமே கிடையாது.
ஆறு நிமிடம், வெறும் கைகள்.
ஜிலினா நெசவாலைக் கூட்டங்களில்
"ஏற்போர்?" என்றதும் எழும் கைகள்.
சாயம் ஏறிய நகம், மோதிரம் புதைந்த விரல்,
கடிகாரத்தைக் காட்டவே உயர்ந்தது போல் ஒன்று.
ஒலி இல்லை. ஒலிக்கு அவளிடம் காசில்லை.

குழுவினர் ஐவர் கோட்டைக் கழற்றாமல் பார்த்தார்கள்.
நான் பின்னால், புரொஜெக்டர் அறையில்.

நான்காம் நிமிடத்தில் தோழர் விர்ஷிக்
"நிறுத்து, திருப்பு" என்றார்.
திருப்பினேன். கைகள் இறங்கின,
கொடுத்ததை எல்லோரும்
திரும்ப வாங்கிக்கொள்வது போல்.
மறுபடி ஓட்டினேன்.
இடது ஓரத்தில் ஒரு கை பிந்தி எழுகிறது.
எண்ணச் சொன்னார். பதினோரு சட்டகம்.
அரை நொடிகூட இல்லை.
"யாருடையது?"

சுட்டுவிரலில் கட்டு.
மார்ச்சில் தறியில் நசுங்கியது.
தலையணை உறையைக் கிழித்து மனைவி கட்டிவிட்டாள்;
அதன் பூப்போட்ட ஓரம்
இப்போது திரையில் ஆளுயரம்.

அன்று எதற்கு வாக்களித்தோம், நினைவில்லை.
வலித்திருக்கலாம்.
அவ்வளவுதானா?
ஏழாவது முறை
யாரும் சொல்லாமலே திருப்பினேன்.

"தெரியாது" என்றாள் ஜெல்மீரா,
சூரியகாந்தி விதை கொறித்தபடி.
அன்று எனக்குச் சிகரெட் பற்றவைத்துத் தந்ததே
அவள்தான்.

"படத்தை முடக்க, ஏற்போர்?"
ஐந்து கைகள்.
கண்ணாடிச் சதுரத்துக்கு இப்பால்
யாரும் கேட்காத ஆறாவதும் எழுந்தது,
ஒரு சட்டகமும் பிந்தாமல்.
வெளிச்சத்தின் குறுக்கே.
திரை முழுக்க ஐந்து விரல் நிழல்,
ஒன்று மட்டும் தடிமனாக.