புகைமூட்டத்தில் ஒரு சூரியன்

இம்பி பிளாசாவில்
பத்து வெள்ளிக்கு வாங்கிய சிடி.
உள்ளே தீ, மழைத்துளி,
ஓரம் சுருளும் பக்கம்.
மூடுபனி மட்டும் ஏழு விதம்.

தொண்ணூற்றேழு செப்டம்பர்.
லேக் கார்டனில் மாலையோடு நின்ற
விமலேஸ்வரிக்கும் மாப்பிள்ளைக்கும் பின்னால்
கோலாலம்பூரே இல்லை.
புகையைக் கூட்டத் தெரிந்த பிளக்-இன்னுக்குக்
கழிக்கத் தெரியவில்லை.

கடைசியில் இடது மூலையில்
ஒரு சூரியனை வைத்தேன்.
எண்பது விழுக்காடு; கொஞ்சம் அதிகம்தான்.
அந்தக் கணினியில் அது உதிக்க
நாலு நிமிடம் பிடித்தது.

போன வாரம் செந்தூல் சந்தையில் பார்த்தேன்.
கையில் முருங்கைக்காய்.
"அன்னிக்கு என்னா வெயிலுண்ணே,
கண்ணே கூசுச்சு" என்றாள்.

அவ்வளவு வெயிலிலும்
இருவருக்கும் நிழல் இல்லை.

நிழலுக்கும் ஒரு பிளக்-இன் இருந்தது,
அதே சிடியில்.