ஆம்

"கேஸ் மூடியாச்சா?"
யாவோர் தலையை இடமும் வலமும் ஆட்டினான்.
ஓடிப்போய்த் திருகினேன். ஏற்கெனவே மூடியிருந்தது.
அவன் ஊரில் அதுதான் ஆம்.
மேலும் கீழும் ஆட்டினால் இல்லை.
ஆறு மாதம் ஒரே கப்பலுக்கு அடியில் வெல்டிங் வைத்தும்
என் கை அவன் தலையை நம்பவில்லை.

அஜ்மான் கழிமுகம், ஜூன்.
பன்னிரண்டரைக்கு மேல் வெயிலில் வேலை கூடாது, சட்டம்.
கப்பலின் வயிற்று நிழலில் அட்டை விரித்துப் படுப்போம்:
வார்னாவின் யாவோர், ஓஹ்ரித் ஏரிக்கரை ஸ்லாவ்ச்சோ,
செர்பியன் மிலோராத், துருக்கி ஷெவ்கெத்,
கையெழுத்துக்குத் தாள்களோடு வந்து அப்படியே உட்கார்ந்துவிடும்
ருமேனியாக்காரி லுமினிட்சா,
ஃபோர்மேன் பவித்ரன், நான்.

யாவோரும் ஸ்லாவ்ச்சோவும் மொழிபெயர்ப்பில்லாமல் சண்டை போடுவார்கள்.
"ஒரே பாஷையா?" என்று ஒருநாள் கேட்டுத் தொலைத்தேன்.
"ஒன்றுதான்" என்றான் இவன்.
"இல்லவே இல்லை" என்றான் அவன்.
பவித்ரன் என்னைப் பார்த்துச் சிரித்தார்.
சரி. அந்தக் கேள்வியின் சூடு எங்களுக்கும் தெரியும்.

மிலோராத்திடம் வேற்றுமை ஏழும் துருவேறாமல் இருக்கின்றன.
யாவோரின் மொழி அவற்றைக் கழற்றிப் போட்டுவிட்டது,
மலையாளம் வினையின் வாலைக் கழற்றிப் போட்டதுபோல.
மிச்சம் விளி மட்டும்.
"யாவோரே!" என்று ஸ்லாவ்ச்சோ கூப்பிடும்போதெல்லாம்
யாரோ தமிழில் மேடையேறியதுபோல் திரும்பிப் பார்ப்பேன்.

நாங்கள் 'அந்த'வை முன்னால் நடக்க விடுவோம்.
இவர்கள் அதைப் பெயரின் வாலில் கட்டுகிறார்கள்:
கப்பல்-அந்த, சுத்தியல்-அந்த, சம்பளம்-அந்த.
லுமினிட்சாவும் அப்படியே,
அவள் மொழி லத்தீன் வம்சமாயிருந்தும்.
"யார் யாரிடம் கற்றது?"
"நடுச்சுவர் ஒன்று, வீடு இரண்டு" என்றாள்.
"ஆணி அடித்தால் யார் வீட்டில் ஓட்டை?"

ஷெவ்கெத்துக்கு இவர்களோடு ரத்தமே இல்லை.
ஆனாலும் மூன்றாம் மாதமும் சம்பளம் வராதபோது
எல்லோரும் கைவிட்டுத் துழாவியது ஏறக்குறைய ஒரே சொல்லுக்குள்:
ஜெப், ஜோப், ஜேபி.
அரபு தைத்த பை.
லுமினிட்சா மட்டும் வேறு பெயர் வைத்திருந்தாள்.
அதிலும் காசில்லை.

பிறகு ஒரு மதியம், யார் கொண்டுவந்ததோ,
செய்தி எங்களை உலுக்கி எழுப்பியது.
"கச்மிஷ்" என்றான் ஷெவ்கெத்.
"இஸ்பியாகல்" என்றான் யாவோர்.
"இஸ்பெகல்", ஸ்லாவ்ச்சோ.
"ஓடிப்போயத்ரே", பவித்ரன்.
முதலாளி ஓடிட்டாராம் என்றேன் நான்.
ஐந்து வாய். ஐந்திலும்
வினையோடு சேர்த்துத் தைத்திருந்தது ஒரு விலகல்:
நான் பார்க்கவில்லை. சொன்னார்கள். பழி எனக்கில்லை.
லுமினிட்சா வாய் திறக்கவில்லை.
தாள்கள் அவளிடம்தான்.

மிலோராத் சொன்னான்: "போபெகாவோ."
அவன் மொழியில் கண்டதற்கும் கேட்டதற்கும் ஒரே சட்டை.
யாவோர் எழுந்து உட்கார்ந்தான். "நீ பார்த்தாயா?"
"எதை? போய்விட்டான்."
"பார்த்தாயா என்றுதான் கேட்கிறேன்."
ஹெல்மெட் ஒன்று உருண்டு ரம்பத்தில் முட்டி நின்றது.
தள்ளி நின்று பார்த்தவன்
காசுக்கு அடித்துக்கொள்கிறார்கள் என்றுதான் நினைத்திருப்பான்.

மறுநாள் விடியலில் யாவோர் தனியாக ஆபீஸ் படியேறினான்.
வரும்போது கையில் ஏசி ரிமோட்.
ஏன் எடுத்தானோ.
"இஸ்பியாகா" என்றான்.

ஒரு ல் உதிர்ந்திருந்தது, அவ்வளவுதான்.
உதிர்ந்த இடத்தில் காலி நாற்காலி தெரிந்தது,
லைசென்ஸ் மாட்டியிருந்த ஆணி தெரிந்தது.
நானும் என் வாக்கியத்திலிருந்து 'ஆம்'மைப் பிடுங்கிப் பார்த்தேன்.
ஓடிட்டார்.
இரவு வீட்டுக்குப் போன் போட்டால்
எந்த விகுதியில் சொல்வது?

"நிஜமாகவா?" என்றேன்.
யாவோர் தலையை இடமும் வலமும் ஆட்டினான்.
ஒரே ஒரு நொடி
அதை என் ஊர்க் கணக்கில் வாங்கிக்கொண்டேன்.