கடைசி இருபது நிமிஷம்

உவர்மலையில், குணநாயகத்தார் வீட்டு ஹோலில்
ஜன்னலுக்குப் போர்வை அடித்து டெக் போட்டோம்.
ஆறு மணிக்கு ஊரடங்கு.
படம் முடிந்தாலும் ஒருவரும் போக ஏலாது,
விடியும்வரை ஒரே பாயில்தான் பயம்.

கசற்றின் முதுகில் நாலு சீன எழுத்து.
டொக்யார்ட் வீதியில் பல்லுக் கட்டும் லியூவைக்
கூட்டிவந்து முன்னால் இருத்தினோம்.
பிறந்தது இங்கேதான். தகப்பன்
திருகோணமலை முழுக்கச் சைக்கிளில் பட்டு விற்றவர்.
"என்ர மண்டரின் நான் கட்டுற பல்லு மாதிரி," என்றார்,
"கடிக்கும். சொந்தமில்லை."

சிவப்பு லாந்தர். கிணறு.
மருமகளை யாரோ தள்ளிவிட்டார்கள்.
ஈரத் தலைமுடியோடு அவள்
ஒவ்வொரு கதவாகத் தட்டுகிறாள்.
"கேக்கிறாள், என்னைத் தள்ளினது ஆர் எண்டு."
அடுத்த கதவு.
"திரும்பவும் அதுதான்."
அதற்கடுத்த கதவுக்கு
லியூ கையை மட்டும் அசைத்தார்.

ஆளுக்கொரு கொலைகாரனைத் தெரிந்து
சோடாவுக்குப் பந்தயம் கட்டினோம். நான் மாமியார் பக்கம்.
வைத்தியன் விளக்கை உயர்த்துகிறான்,
சுவரில் நிழல் திரும்புகிறது,
முகம்

கோடு கோடாய் மழை.
பிறகு நாதஸ்வரம்.

காளி கோயில் மண்டபம், போன ஆவணி.
பேயின் மேல் யாரோ
எங்கள் ஊர்க் கல்யாணத்தைப் பதிந்திருக்கிறார்கள்!
விழுந்து விழுந்து சிரித்தோம்.
அந்தா எங்கட கணக்கு ரீச்சர்,
அந்தா பாலையூற்று லொறிக்காரன், மூன்றாம் தரம் பாயாசம்.
பந்தி நடுவே சாம்பார் வாளியோடு
தவநேசன் வந்தான்.
கமெராவைக் கண்டு வெட்கப்பட்டு
அகப்பையால் முகத்தை மறைத்தான்.

சிரிப்பை முதலில் நிறுத்தியது யாரென்று தெரியாது.
அவனுடைய தமையன் எங்களோடுதான் இருந்தான்,
போர்வைக்குப் பக்கத்தில்.
லியூ பழக்கத்தில் வாயைத் திறந்து
மூடிக்கொண்டார்.

"இன்னொருக்காப் போடுங்கோ," என்றான் தமையன்.

சாம்பார் இலையிலிருந்து வாளிக்கு ஏறியது.
தவநேசன் பின்பக்கமாக நடந்து
வாசலைத் தாண்டிப் போனான்.
குணநாயகத்தாருக்கு விரல் நடுங்கிற்றோ என்னவோ,
நிறுத்தவேண்டிய இடம் தப்பிவிட்டது.
மழை. விளக்கு. மூடிய கதவுகள்.
கிணற்றிலிருந்து அவள் பாதம் முன்னே மேலெழுந்து
காய்ந்த கூந்தலோடு
வீட்டுக்குள் போய்விட்டாள்.

சோடாவை ஒருவரும் கேட்கவில்லை.
இரண்டு மணி இருக்கும்,
வெளியே ஏதோ வேலியை உரசிக்கொண்டு நடந்தது.
"மான்," என்றார் லியூ,
யாரும் கேட்காமலே.
"கோட்டை மான்தான். படுங்கோ."