பதினெட்டு மில்லிசெகண்ட்

மஞ்சக்குப்பத்தில் ஜெராக்ஸ் கடைக்கு மேலே
எங்கள் ஆபீஸ். நீளமாய் ஒரு மேசை, மூன்று பேர்.
ஏ.சி. இரண்டு பேருக்குத்தான் எட்டும்.
நான் மூன்றாவது ஆள்.

கையில் பிடிக்கிற அந்தக் கறுப்புப் பிடிக்குள்
பாக்குச் சீவல் அளவில் ஓர் எடை,
சுருள்வில்லின் மேல் உட்கார்ந்திருக்கிறது.
நொடிக்கு நூற்றெழுபது தடவை
அதை ஆட்டத் தெரியும் எனக்கு.
அதற்குத் தெரிந்ததும் அவ்வளவுதான்.
தள்ளத் தெரியாது, தடுக்கத் தெரியாது,
யார் மணிக்கட்டையும் பிடித்து நிறுத்த முடியாது.
நடுங்கும்.
அந்த நடுக்கத்தைக் கொண்டு
இரும்பு என்று நம்ப வைக்க வேண்டும்.

சிப்காட்டில் ஒரு கம்பெனி கேட்டிருந்தது.
புதிதாகச் சேர்பவர்கள் அமில லைனைத் தொடுமுன்
முகத்தில் திரையை மாட்டிக்கொண்டு
இல்லாத வால்வைத் திருகிப் பழக வேண்டுமாம்.
இல்லாத வால்வு கசிந்தால்
யாருக்கும் தோல் உரியாது.

முதல் வாரம் நிறுத்துவதிலேயே போயிற்று.
ஆரம்பிப்பது சுலபம், மின்சாரம் கொடுத்தால் துள்ளும்.
வெட்டினால் நிற்காது.
விடைபெற்ற பிறகும் செருப்பு மாட்டியபடி
வாசலில் நின்று பேசுகிறவர்களைப் போல
இழுத்துக்கொண்டே இருக்கும்.
நிறுத்த, அது போகும் திசைக்கு எதிராக
ஒரு தரம் ஓங்கித் தள்ள வேண்டும், அளந்து.
கூடிவிட்டால் மறுபடி ஆரம்பித்துவிடும்.
இதில் எனக்கு வேறு அனுபவங்களும் உண்டு.
இங்கே வேண்டாம்.

சனிக்கிழமை செந்தாமரை வந்தாள்,
நைட் ஷிப்ட் முடித்து, காரைக்காட்டில் பஸ் ஏறி,
யூனிபார்மில் இன்னும் அந்த வாடையோடு.
பிடியை வாங்கித் திருகினாள்.
சிரித்துவிட்டாள்.
"என்னங்க இது, போன் அடிக்கிற மாதிரி இருக்கு."

டீ வந்த பிறகு சொன்னாள்:
"ஒட்டிக்கிட்ட வால்வு எடுத்ததுமே முரண்டு பண்ணாது.
மொதல்ல ஒரு நூல் நகரும்.
அட, வந்துருச்சேன்னு நெனைக்கிறப்போ
ஒண்ணுமே இருக்காது.
அப்புறந்தான் புடிக்கும்."
காட்டுவதற்கு
என் தண்ணீர் பாட்டிலின் மூடியைத் திருகினாள்.
மூடி அவள் சொன்னபடி கேட்கவில்லை.
முழங்கை கேட்டது.
அந்த முழங்கையைப் பார்த்துத்தான் எழுதினேன்:

பதினெட்டு மில்லிசெகண்ட், மெல்லிய ஓர் இசைவு.
முப்பது, ஒன்றுமில்லை.
(அந்த ஒன்றுமில்லையையும் எழுதத்தான் வேண்டும்.
சும்மா இருக்கவும் டைமர் கேட்கும்.)
பிறகு அறுபது, முழு வீச்சில், கரடுமுரடாக.

மறுபடி கொடுத்தேன்.
இந்தத் தடவை சிரிக்கவில்லை.
பல்லைக் கடித்தாள்.
காற்றில் இருந்த சக்கரத்தின் மேல் உடம்பைச் சாய்த்தாள்.
நாற்காலி ஓரடி நகர்ந்து கிரீச்சிட,
கீழேயிருந்து ஜெராக்ஸ்காரர்
துடைப்பக் கட்டையால் கூரையை இடித்தார்.

பத்து நாள் கழித்து
கெடிலம் பாலத்து நெரிசலில் நிற்கும்போது
அவளிடமிருந்து குரல் செய்தி. பின்னணியில் பம்ப் இரைச்சல்.
"இன்னிக்கு நெஜமாவே ஒண்ணு ஒட்டிக்கிச்சு, நாலாம் நம்பர்.
தொறந்துட்டேன், பயப்படாதீங்க.
ஆனா ஒண்ணு,
உங்களோடது சீக்கிரம் விட்டுக் குடுத்துடுது."

எங்கோ இரும்பின் மேல் இருந்த ஒரு கை
என் எண்ணை நினைத்திருக்கிறது.
வண்டியைத் திருப்பினேன்.
ஆபீஸில் யாருமில்லை, ஏ.சி. பக்கத்து நாற்காலி காலி.
பழக்கத்தில் என் இடத்திலேயே உட்கார்ந்து
அறுபதை அழித்து எழுபத்தைந்து போட்டேன்.
சற்று யோசித்து,
எண்பது.