வந்த காரணம்

பத்தி ஒன்று அடித்தாயிற்று.
பெயர் நாச்சாத்தாள், வயது ஐம்பத்தாறு,
மூலனூர் முருங்கைக்காய் மண்டியில் கட்டுப் போடும் வேலை.
பத்தி இரண்டில் நின்றுவிட்டது விரல்:
'மனுதாரர் மேற்படி கோயிலில்
அக்கறையுள்ள நபர் ஆவார்.'
எப்படி ஆவார் என்று வக்கீல் சொல்லவில்லை.

தாராபுரம் சப் கோர்ட்டுக்கு எதிரில் என் கடை.
பாகப்பிரிவினை, ஜீவனாம்சம், வண்டித்தடம்
எல்லாம் இந்தப் பத்து விரல் வழியாகத்தான்
உள்ளே போகும்.

கரியகாளிக்கு விளக்கெரிய
யாரோ எப்போதோ எழுதிவைத்த
மூணேகால் ஏக்கர் கொறங்காடு
பரம்பரை அறங்காவலரின் சொந்தச் சொத்தென்று
கீழே ஓர் உத்தரவு.
அதில் இப்போது காத்தாடி நிற்கிறது.
வாடகை வாங்குகிறவர்களுக்கு அப்பீல் எதற்கு?
பூசாரிக்கும் வேண்டாமாம், மாதம் பிறந்தால் சம்பளம்.
மிச்சம் இவள்.

லோக்கஸ் இல்லை என்றார் எதிர்த்தரப்பு சீனியர்.
அறங்காவலர் இல்லை, வாரிசில்லை,
குடிப்பாட்டில் பேரில்லை, தலைக்கட்டு வரி கொடுத்ததில்லை,
கீழ் விசாரணையில் கட்சிக்காரரும் இல்லை.
இந்தம்மாவுக்கு இதில் என்ன நட்டம்?

லோக்கஸ் என்றால் என்ன என்று அவள் கேட்டாள்.
நிற்க ஓர் இடம், என்றேன்.
வராந்தாவில் பெஞ்சு கிடையாது.
காலையிலிருந்து நின்றுகொண்டுதான் இருந்தாள்.

சட்டமும் ஒரு சந்து விட்டிருக்கிறது,
இட்டேரி அகலத்துக்கு:
வழிபாட்டுக்கு வழக்கமாக வருகிறவர் கேட்கலாம்.
வழக்கமாக.
ஒருநாள் வந்ததற்குச் சாட்சி கிடைக்கும்.
வழக்கத்துக்கு?
ரசீது கிழிக்கிற கோயில் இல்லை அது.
பஸ் டிக்கெட்டை எவர் எடுத்துவைப்பார்?
"செவ்வா தவறாம வாரனுங்க."
"எப்ப இருந்து?"
"முட்டுவலி வாரதுக்கு முன்னாலிருந்து."
இதை எந்தத் தேதியென்று அடிப்பது?

அப்புறம்தான், பேச்சோடு பேச்சாக, குறையாகச் சொன்னாள்:
இட்டேரியை மறித்துக் கம்பெனிக்காரன் கேட் போட்டதை,
வாட்ச்மேன் நோட்டை நீட்டுவதை.
"சாமிக்கு வெளக்கு வெக்கப் போறதுக்குக்கூட
கைநாட்டு வெச்சுட்டுத்தான் போகோணுமாமா?"
வக்கீல் டீயைப் பாதியில் வைத்தார்.

சம்மன் போய் வந்து சேர்ந்தது,
ஆறு வருடம், பதினோரு நோட்டு.
நேரம் உள்ளே, நேரம் வெளியே,
வண்டி எண், வந்த காரணம்.
வண்டி எண்ணில் ஒரு கோடு.
வந்த காரணத்தில் இந்தியில் ஒரு சொல்: தேல்.
எண்ணெய்.
காவலாளி சுக்தேவ் மாஞ்சி, ஊர் ஜார்க்கண்ட்,
நாச்சாத்தாள் அவன் வாயில் நுழையவில்லை.
பெயர் என்கிற இடத்தில்
'தேல்வாலி அம்மா'.

இது வேறு யாரோ, என்றார் சீனியர்.
நீதிபதி ஒரு தாளை
ஜன்னல் பக்கம் தூக்கிப் பிடித்தார்.
பெருவிரல் பட்ட இடமெல்லாம் எண்ணெய் ஊறி
காகிதம் கண்ணாடியாகியிருந்தது.
இந்தச் செவ்வாயின் ரேகைக்குள்
அடுத்த செவ்வாய் தெரிந்தது.

மனு விசாரணைக்கு ஏற்கப்பட்டது.
நிலம் யாருடையது என்பது இனிமேல்.
இரண்டு வருடமோ எட்டோ.

அன்றைக்குக் காலையில் கூப்பிட்டுத் தள்ளிவைத்து,
மத்தியானம் கூப்பிட்டுத் தள்ளிவைத்து,
நாலே முக்காலுக்குத்தான் எடுத்தார்கள்.
மூலனூர் பஸ் ஐந்து பத்து.
கேட் ஆறு மணிக்குப் பூட்டு.
மஞ்சப்பையில் எண்ணெய்ப் பாட்டில் அப்படியே.
கிழமை செவ்வாய்.

நகல் வாங்க வந்தபோது
கடை வாசலில் நின்று கேட்டாள்:
"ஒரு செவ்வா உட்டுப்போச்சுங்க.
இனி நானு வழக்கமா வாரவள்ல சேத்தியா, இல்லீங்களா?"

வழக்குக்கு வந்து தவறிய வழக்கம்.
அதற்கொரு பத்தி
நாப்பது வருடத்தில் நான் அடித்ததில்லை.

நகலுக்கு இருபது ரூபாய் என்றேன்.
அவள் கொடுத்த நோட்டு
விரலில் வழுக்கியது.