கூட்டம், மழை, பகல்

மகாலட்சுமியில் மூன்றாம் மாடி.
ஏசி ரீல்களுக்காக ஓடுகிறது,
எங்கள் சளி கணக்கில் வராது.

டப்பா எண் 418.
மூடியைத் திறந்தால் வினிகர் நெடி,
உள்ளே பரேல் பாலம், எழுபத்து நாலு, ஜூலை.
மொத்தம் பதினோரு விநாடி.
ஏழாவதில் குடைக்காரர் ஒருவர்
கேமராவைப் பார்க்கிறார்,
கடன் கொடுத்தவனை எதிரில் கண்டதுபோல.

பதிவேட்டில் யாரோ பச்சை மையில்:
கூட்டம். மழை. பகல். ஒலி இல்லை.

இதைத்தான் விற்கிறேன்.
விநாடிக் கணக்கு.
பத்துக்குக் குறைந்தாலும் பத்துக்கே பில்.

ஆவணப்படத்தில் அவர் வேலைநிறுத்தக்காரர்.
இன்சூரன்ஸ் விளம்பரத்தில், சாயமேற்றி,
பொறுப்புள்ள தகப்பன்.
வெப் தொடரில் கலவரத்துக்கு முந்தைய நிமிடம்:
நிலோஃபர் அடியில் ஒரு செல்லோவை ஓடவிட்டாள்,
குடை ஆயுதமாகிவிட்டது.
இதையே கல்கத்தா என்று போடலாமா, என்றார்
லக்னோ தயாரிப்பாளர்.
பாலம் தெரியாமல் வெட்டினால் போடலாம், என்றேன்.
அதற்காக நான் இன்னும் கூச்சப்படவில்லை.
படவேண்டியவற்றில் குறித்து வைத்திருக்கிறேன்.

நேற்று ஒரு போன்.
ஆண்டாப் ஹில்லிலிருந்து அன்னபாக்கியம்.
என் இந்தியைக் கேட்டதும் தமிழுக்கு மாறிக்கொண்டார்.
"கிரிக்கெட்டுக்கு நடுவுல அவுகளப் பாத்தேன்."

உஷாரானேன்.
வக்கீல் சொல்லித்தந்த வாக்கியம் நாக்கு நுனியில்:
பொது இடம், பொது நிகழ்வு, அனுமதி தேவையில்லை.

"அந்தக் கொடை அவுகளுது இல்ல.
கீழ்வீட்டு ராணேயோடது.
கைப்பிடியில வெள்ளத் துணி சுத்தியிருக்கும், பாருங்க.
சாயங்காலம் நனஞ்சு வந்து,
நான் எடுக்கவே இல்லன்னு சாதிச்சுப்புட்டாக.
சாவுற வரைக்கும் அதே சொல்லு.
அந்த வீட்டோட இன்னைக்கும் பேச்சு வார்த்தை கெடையாது."

கொஞ்ச நேரம் குக்கர் மட்டும் கூவியது.

"ராணே வீட்டம்மாவும் பாத்துருச்சு.
ஆளு இருக்கட்டும், தம்பி.
கொடைய மட்டும் அழிச்சுர முடியுமா?"

ஒப்பந்தத்தை எடுத்துப் பார்த்தேன்.
உலகெங்கும், எல்லா ஊடகங்களிலும்,
என்றென்றைக்கும்.
முடியாதும்மா, என்றேன்.
"அப்ப சரி" என்று வைத்துவிட்டார்.

ஏழாவது விநாடியில் நிறுத்திப் பெரிதாக்கினேன்.
துணி இருந்தது.

பதிவேட்டில், கூட்டம் என்பதன் பக்கத்தில்,
பென்சிலால் எழுதினேன்:
குடை, ராணேயுடையது.