பதினேழாம் பக்கம்

பென்னாகரம் வண்டி தருமபுரி நிலையத்துக்குள் திரும்பும் முன்பே
நடத்துநர் படியிலிருந்து கூப்பிட்டார்:
"பேப்பர்க்கார அம்மா, உங்களுக்குத் தக்காளி."
யார் ஏற்றிவிட்டது என்றேன்.
"ஹெல்மெட் போட்டிருந்தாங்க.
ஆம்பளையா பொம்பளையான்னு நான் பார்க்கலைங்க."
பார்த்திருக்கிறார்.
பார்க்கவில்லை என்றது அவர் செய்த உதவி.

அறைக்கு வந்து கதவைச் சாத்தினேன்.
மேலே இரண்டு கிலோ,
விலை விழுந்த வாரம்,
பாலக்கோட்டுச் சாலையோரம் கொட்டிக் கிடக்கிறதே, அதே பழம்.
அடியில், உரச்சாக்கின் உள்ளுறையில் சுற்றி
முப்பத்தொரு தாள். தாளுக்கு ஒரு குழாய்.
கடைசியில் வெறுந்தாள் ஒன்று.

ஒவ்வொரு தாளின் கீழும் வலது ஓரத்தில் ஒரு சன்னல்.
கையெழுத்தை வெட்டி எடுத்திருக்கிறார்கள்,
நகவெட்டியாகத்தான் இருக்க வேண்டும்,
விளிம்பெல்லாம் பிறை பிறையாக.
தூக்கிப் பிடித்தால் அதன் வழியே
என் மேசை தெரிகிறது, என் விரல் தெரிகிறது.

ஆய்வகம் எழுதியது இடப்பக்கம்.
மேலே போனது வலப்பக்கம்.
ஃபுளோரைடு, லிட்டருக்கு இத்தனை மில்லிகிராம்;
ஒன்றரை வரை குடிக்கலாம்.
4.1 என்பது 1.4 ஆகியிருந்தது.
எண்கள் இடம் மாறி உட்கார்ந்த சத்தம்
யாருக்கும் கேட்கவில்லை.
3.2-ஐத் திருப்பினாலும் தேறாது,
ஆகவே அங்கே 0.32:
புள்ளி மட்டும் ஓர் எட்டு நடந்திருந்தது.
மெனக்கெட்டிருக்கிறான். கணக்கில் புலி.

பதினேழாம் பக்கம், எங்கள் தெருக் கைப்பம்பு.
அந்த எண்ணை எனக்கு யாரும் கசியவிட வேண்டியதில்லை.
முன்பற்களின் குறுக்கே
பழுப்பு மையில் எழுதியிருக்கிறது, எட்டு வயதிலிருந்து.
சிரிப்பு வந்தால் கை தானாக வாய்க்குப் போகும்.

இரவு ஒரு மணி.
வெறுந்தாளின் மேல் விளக்கு சாய்ந்தபோது பள்ளங்கள் தெரிந்தன.
வேறெதிலோ அழுத்தி எழுதியது இதில் இறங்கியிருக்கிறது.
பென்சிலைப் படுக்கவைத்துத் தேய்த்தால் எழும்பும்.
பதினோரு வருடத் தொழில், கை கேட்கவில்லை.
தேய்த்தேன்.
முதலில் ஒரு கொம்பு எழுந்து நின்றது.
ஒற்றைக் கொம்பு.
நம் எழுத்தில் கொம்பு முன்னால் வந்துவிடும்,
ஆள் பின்னால்தான் வருவார்.
செங்கோடனோ கெம்பம்மாவோ பெரியண்ணனோ,
பாதி மாவட்டம் அதன் பின்னால் ஒளிந்துகொள்ளலாம்.
அங்கேயே நிறுத்தினேன்.
தெரிந்துகொள்ளாமல் இருக்க
இவ்வளவு பாடுபட்டது இதுவே முதல்முறை.
அந்தத் தாளை வாளியில் ஊறவைத்துப் பிசைந்தேன்.

ஆனால் பதினேழாம் பக்கத்துக்குப் பென்சிலே வேண்டாம்.
மற்ற குழாய்களில் வருடத்துக்கு ஒரு மாதிரி.
இதில் மட்டும் நான்கு.
நான்கும் ஞாயிற்றுக்கிழமை.
யாரும் அனுப்பாமல் யாரோ போயிருக்கிறார்கள்,
குடங்களுக்கு நடுவே பாட்டிலோடு நின்றிருக்கிறார்கள்,
என் அம்மாவேகூட அடித்துக் கொடுத்திருக்கலாம்.
இதை அச்சிட்டால்
சாவிப் பதிவேட்டைப் புரட்டினால் போதும்,
ஞாயிறன்று ஆய்வகம் திறந்த பெயர்
டீ ஆறுவதற்குள் அகப்படும்.

நான்கு மணிக்கு அது அடுப்பில் சுருண்டது.
அதே அடுப்பில் தக்காளி ரசம் வைத்தேன்,
கேன் தண்ணீரில்.

காலையில் பத்திரிகையின் வழக்கறிஞர் திரையில் வந்து
ஒவ்வொன்றாக எண்ணினார்.
"பதினாறுக்கு அப்புறம் பதினெட்டு வருதே?"
"வரவே இல்லைங்க" என்றேன்.

பொய்க்கணக்குச் செய்தியில்
என் பங்குக்கு ஒன்று.
எங்கள் தெருவைத் தவிர மற்றதெல்லாம் அச்சேறும்.
சொல்லி முடித்த பிறகுதான் கவனித்தேன்,
சிரிக்கவே இல்லை,
கை வாயை மூடியிருந்தது.